யார் பெயருக்கு வருகிறது அழைப்பு?

பினாங்கில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் திருமண நாள் குறித்து மண்டபத்திற்கு முன்பணம் கட்டியதும், நகைக்கும் சேலைக்கும் முன்பாகவே இப்போது பேச்சுக்கு வருவது அழைப்பிதழ்தான். அட்டை அச்சடித்து அஞ்சலில் அனுப்புவதா, கைப்பேசிக்கு ஒரு படத்தையோ இணைப்பையோ அனுப்பிவிட்டு மற்ற வேலைகளைப் பார்ப்பதா என்பதே கேள்வி. சென்ற ஆண்டு எங்கள் மகளின் திருமண ஏற்பாடுகளில் இந்தக் கேள்வி பல மாலைப் பொழுதுகளை எடுத்துக்கொண்டது. மகளுக்கும் மாப்பிள்ளைக்கும் காகிதமே வேண்டாம். என் கணவரின் அக்காவுக்கோ அட்டை இல்லாத அழைப்பு அழைப்பே அன்று. இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது என்று பொதுவாகச் சொல்லி விலகிக்கொள்ள எனக்கு விருப்பமில்லை. இதைக் குடும்பம் முழுமைக்கும் ஒரே முடிவாக எடுக்கக் கூடாது, விருந்தினர் ஒவ்வொருவரையும் தனித்தனியாக நினைத்துப் பார்த்துத்தான் எடுக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். அப்படி நினைத்துப் பார்த்தால், அஞ்சலில் போகும் அட்டைக்கு வேறெதுவும் ஈடாகாத சில வாசல்கள் இன்னும் இருக்கின்றன.

நம் வழக்கத்தில் அஞ்சல் ஒருபோதும் முதல் இடத்தில் இருந்ததில்லை. அச்சாகி வந்த கட்டிலிருந்து முதல் அட்டையை எடுத்து, நான்கு மூலைகளிலும் மஞ்சள் தடவிக் குலதெய்வத்திற்கு வைப்போம். குலதெய்வம் தமிழ்நாட்டில் இருக்கும் குடும்பங்கள் இங்கே தங்களுக்கு நெருக்கமான கோயிலில் வைப்பார்கள். எங்கள் குடும்பத்தில் அது குயின் தெருவில் 1833-இல் எழுந்த மகா மாரியம்மன் கோயில். அதன் பிறகு தாய்மாமன் வீடு, சம்பந்தி வீடு, பங்காளிகள், அத்தைமார்கள் என்று வரிசை உண்டு. தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு, பழம், குங்குமம், கற்கண்டோடு கணவனும் மனைவியுமாகப் போய் நேரில் வைக்க வேண்டியவர்கள் அவர்கள். அந்த வீடுகளுக்கு அஞ்சலில் அட்டை போனால் அது மனவருத்தத்தில்தான் முடியும். கைப்பேசிப் படத்திற்கும் அங்கே இடமில்லை. இதில் எங்கள் வீட்டில் யாருக்கும் கருத்து வேறுபாடு இருக்கவில்லை; மகளே முன்வந்து இரண்டு வார இறுதிகளில் எங்களோடு வந்தாள். சிக்கல் எல்லாம் அந்த முதல் வட்டத்திற்கு வெளியே தொடங்குகிறது.

மலேசியத் தமிழர்களின் அந்த இரண்டாவது வட்டம் மிகவும் சிதறியது. என் மாமனாரின் உடன்பிறப்புகள் கெடாவிலும் பேராக்கிலும் வெவ்வேறு ரப்பர்த் தோட்டங்களில் வளர்ந்தவர்கள். அந்தக் காலத்தில் ஒரு வீட்டின் முகவரி என்பது ஆளின் பெயர், தோட்டத்தின் பெயர், அருகிலுள்ள ஊரின் பெயர், அவ்வளவுதான். மடல்கள் தோட்ட ஆபீசுக்கு வரும், கிராணி என்ற எழுத்தரின் மேசையிலிருந்து பிரிந்து வீடுகளுக்குப் போகும். திருமண அட்டை வந்தால் அது தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்திற்கே தெரிந்துவிடும். பின்னர் தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டன, பல இடங்களில் ரப்பர் மரங்கள் போய்ச் செம்பனை வந்தது, வேறு பல இடங்களில் தாமான்கள் என்னும் குடியிருப்புகளும் தொழிற்சாலைகளும் வந்தன. அங்கிருந்தவர்கள் சுங்கை பட்டாணி, கூலிம், பட்டர்வொர்த், ஈப்போ, கிள்ளான் என்று பெயர்ந்தார்கள். நேரில் போய்த் தாம்பாளம் நீட்ட முடியாத தொலைவிலும், வெறும் செய்தியாகச் சொல்லிவிட முடியாத நெருக்கத்திலும் இருப்பவர்கள் அவர்கள். அஞ்சல் அட்டை பிழைத்திருந்தது இந்த இரண்டிற்கும் நடுவிலுள்ள உறவுகளுக்காகத்தான். சாதாரண மடலின் கட்டணம் 30 சென்னிலிருந்து 60 சென்னாக 2010-இல் ஏறியபோதுகூட எங்கள் குடும்பத்தில் யாரும் அட்டை அனுப்புவதை நிறுத்தவில்லை.

மாமியார் ஒரு தகரப் பெட்டியில் பழைய திருமண அழைப்பிதழ்களைச் சேர்த்து வைத்திருந்தார். மகளின் திருமணத்திற்கு விருந்தினர் பட்டியல் எழுத உட்கார்ந்தபோது எங்களுக்குக் கைகொடுத்தது அந்தப் பெட்டிதான். ஒவ்வோர் அட்டையிலும் இரு வீட்டுப் பெரியவர்களின் பெயர்கள், அவர்களுடைய தந்தையரின் பெயர்கள், தாய்மாமன்களின் பெயர்கள், தோட்டத்தின் பெயர், திருமணம் நடந்த கோயில் எல்லாம் இருந்தன. இன்று வரைபடத்தில் இல்லாத தோட்டங்களின் பெயர்களை நான் அவற்றில்தான் படித்தேன். எந்தக் கிளை எங்கிருந்து பிரிந்தது என்று தெரியாமல் தடுமாறிய இரண்டு உறவுகளை அவற்றை வைத்தே அடையாளம் கண்டோம். கைப்பேசியில் வரும் அழைப்பிதழுக்கு இப்படியோர் ஆயுள் இல்லை. கைப்பேசி மாறும்போது படம் போய்விடுகிறது. இணையப் பக்கமாகச் செய்யப்படும் அழைப்பிதழ்கள் பலவும் குறிப்பிட்ட காலத்திற்குத்தான் திறக்கும். கட்டணம் முடிந்ததும் பக்கம் மூடப்படும். ஒரு குடும்பத்தின் பெயர்கள் ஒரே இடத்தில் வரிசையாக எழுதப்படும் வேளைகள் மிகக் குறைவு. அவற்றுள் ஒன்றைச் சில மாதங்களில் அழிந்துபோகும் இடத்தில் மட்டும் வைப்பது எனக்கு ஏற்புடையதாக இல்லை.

இவ்வளவும் சொன்ன பிறகு, மகளின் பக்கத்தில் இருந்த உண்மையையும் அதே அழுத்தத்தோடு சொல்ல வேண்டும். கைப்பேசி அழைப்பிதழ் இல்லாமல் எங்கள் திருமணம் இவ்வளவு ஒழுங்காக நடந்திருக்காது. மண்டபம் தீவின் தெற்குப் பகுதியில் இருந்தது. பெருநிலத்திலிருந்து வருபவர்களுக்கு 1985-இல் திறந்த முதல் பாலம்தான் பழக்கம். 2014-இல் திறந்த இரண்டாவது பாலம் பத்து காவானிலிருந்து பத்து மாவுங்கிற்கு வருவதால், தைப்பிங்கிலிருந்தும் ஈப்போவிலிருந்தும் வரும் எங்கள் உறவினர்களுக்கு அதுவே நேர்வழி. இதை அட்டையில் ஒரு சிறிய வரைபடமாக அச்சிட்டு விளக்குவதைவிட, ஓர் இணைப்பைத் தொட்டால் வழிகாட்டி தானாகப் பேசத் தொடங்குவது எவ்வளவோ மேல். வருகையை உறுதிசெய்யும் பொத்தானும் அப்படித்தான். எத்தனை இலை போடுவது என்று சமையற்காரர் கேட்கும்போது ஊகமாகச் சொல்லி, சோறும் கறியும் மிஞ்சுவதைப் பார்த்து வருந்தும் நிலை எங்களுக்கு வரவில்லை.

கெடாவில் வார விடுமுறை வெள்ளியும் சனியும் என்பதைப் பினாங்குக்காரர்கள் அடிக்கடி மறந்துவிடுகிறோம். நமக்கு ஞாயிறு திருமணத்திற்கு உகந்த நாள். கெடாவில் அரசுப் பணியில் இருப்பவர்களுக்கும் பள்ளி ஆசிரியர்களுக்கும் அது வேலை நாள். அவர்கள் விடுப்பு எடுத்துத்தான் வர வேண்டும், அதற்கு நாள் முன்கூட்டியே தெரிய வேண்டும். அட்டை அச்சாகி வரும்வரை அவர்களைக் காக்க வைப்பதில் பொருளில்லை. நாள் உறுதியானதும் அந்த வீடுகளுக்கு மகளே புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) தேதியை மட்டும் அனுப்பி, அழைப்பிதழ் பின்னால் வரும் என்று எழுதினாள். முகூர்த்தத்தில் மாற்றம் வந்தால் உடனே சொல்வதற்கும் அதுவே வழி. 2020 மார்ச் 18-ஆம் நாள் நாட்டில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை நடப்புக்கு வந்தபோது, அச்சடித்த அட்டைகளை எல்லாருக்கும் அனுப்பி முடித்திருந்த குடும்பங்கள், திருமணம் தள்ளிப்போனதைக் கைப்பேசியில் அழைத்தழைத்துத்தான் சொன்னார்கள். நம் சமூகத்தில் கைப்பேசி அழைப்பிதழ் நிலைபெற்றதற்கு அந்தக் காலம் ஒரு பெரிய காரணம். மலாய் நண்பர்களின் வீடுகளிலோ அது இன்னும் விரிவாக, பாட்டும் படமும் வாழ்த்துப் பக்கமுமாக வளர்ந்துவிட்டது. நம் பிள்ளைகள் அதைப் பார்த்துத்தான் கேட்கிறார்கள்.

ஆனால் கைப்பேசியில் அனுப்பிவிட்டோம் என்பதால் அழைப்பு சேர்ந்துவிட்டது என்று எண்ணிவிடக் கூடாது. புலனத்தில் ஒரே செய்தியைப் பலருக்கு அனுப்பும் பரப்புப் பட்டியல் என்ற வசதி இருக்கிறது. அனுப்புபவரின் எண்ணைத் தம் கைப்பேசியில் சேமித்து வைத்திருப்பவர்களுக்கு மட்டுமே அந்தச் செய்தி போய்ச் சேரும். வயதானவர்கள் பலர் யாருடைய எண்ணையும் சேமிப்பதில்லை. வந்த அழைப்பை எடுப்பதும், பேரப்பிள்ளை அழுத்திக் கொடுத்தால் பேசுவதுமே அவர்கள் பழக்கம். நாம் அனுப்பிவிட்டோம் என்று நினைத்திருப்போம், அவர்கள் நம்மை அழைக்கவே இல்லை என்று நினைத்திருப்பார்கள். இதைவிடக் கவலை தருவது மோசடி. திருமண அழைப்பிதழ் என்று சொல்லி கைப்பேசியில் செயலியை நிறுவும் ஏ.பி.கே. கோப்பை அனுப்பி, அதைத் திறப்பவரின் கைப்பேசிக்குள் புகுந்து வங்கிப் பணத்தை எடுக்கும் கும்பல்களைப் பற்றி நம் காவல் துறை எச்சரித்திருக்கிறது. பணம் போனால் உடனே 997 என்ற எண்ணை அழைக்கச் சொல்கிறார்கள். இந்த எச்சரிக்கைகளைக் கேட்ட ஒரு முதியவர், தெரியாத எண்ணிலிருந்து வரும் அழைப்பிதழ் இணைப்பைத் திறக்காமல் அழித்துவிட்டால் அவர் செய்தது சரியே. ஆகவே எங்கள் வீட்டில் இணைப்பை மட்டும் தனியே அனுப்புவதில்லை என்று முடிவு செய்தோம். முதலில் ஒரு குரல் அழைப்பு, பிறகு அழைப்பிதழின் படம், வழி கேட்பவர்களுக்கு மட்டும் இணைப்பு.

அட்டைக்கும் கைப்பேசிக்கும் உள்ள உண்மையான வேறுபாடு எனக்குப் புரிந்தது கூலிமிலிருந்து வந்த ஒரு தொலைபேசி அழைப்பில். அழைத்தவர் என் கணவரின் சின்னம்மா. கணவரை இழந்து, மகன் குடும்பத்தோடு அடுக்குமாடி வீட்டில் இருக்கிறார். அந்த மகனுக்கு அழைப்பிதழ் கைப்பேசியில் முன்பே போயிருந்தது, அவரும் வருவதாகப் பதில் போட்டிருந்தார். சின்னம்மாவுக்கு அது எட்டவே இல்லை. சொல்லக் கூடாது என்றில்லை, வேலை நெருக்கடியில் மகனுக்கு மறந்துவிட்டது. அஞ்சலில் அட்டை போய்ச் சேர்ந்த அன்று மாலை சின்னம்மாவே அழைத்தார். “கவர் மேல என் பேருதாம்மா போட்டிருக்கு. எனக்குன்னு தபால் வந்து எவ்வளவு காலமாச்சு தெரியுமா? நான் கண்டிப்பா வந்துர்றேன், உன் மகளுக்கு என் கையால பூ வைக்கணும்” என்றார். பிறகு அட்டையில் இருந்த ஒவ்வொரு பெயரையும் வாசித்து, இவர் எப்படி இருக்கிறார், அவர் எங்கே இருக்கிறார் என்று விசாரித்தார். தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் படித்தவர். வாசிப்பு தடையில்லாமல் வந்தது. குடும்பத்திற்கு ஒரு கைப்பேசிச் செய்தி என்று அனுப்பும்போது, அந்த வீட்டில் சம்பாதிப்பவரின் கைக்குத்தான் நம் அழைப்பு போகிறது. அவருக்குப் பின்னால் இருக்கும் தாயும் அத்தையும் பெரியப்பாவும் அழைக்கப்பட்டார்களா என்பது அவருடைய நினைவாற்றலைப் பொறுத்ததாகிவிடுகிறது.

இதனால்தான் அஞ்சல் பட்டியலை நாங்கள் தொலைவை வைத்துப் போடவில்லை. தனக்கென்று கைப்பேசி இல்லாதவர்கள், இருந்தும் படம் பார்க்கத் தெரியாதவர்கள், கண் மங்கியதால் திரையில் வாசிக்க முடியாதவர்கள், பிறர் வீட்டில் ஒண்டியிருப்பதால் தம் பெயருக்கு எதுவுமே வராதவர்கள் ஆகியோருக்கெல்லாம் அட்டை. ஜார்ஜ்டவுனிலேயே, நடந்து போகும் தொலைவில் இருக்கும் ஒரு பெரியவருக்கும் அஞ்சலில் அட்டை போனது, நேரிலும் போய் அழைத்தோம். மகளின் அலுவலகத் தோழர்கள், என் கணவரின் தொழிற்சாலை நண்பர்கள், எங்கள் தாமான் அண்டைவீட்டார் ஆகியோருக்குக் கைப்பேசி போதும். அவர்களில் சீனரும் மலாய்க்காரரும் மிகுதி, அவர்களுக்கான அழைப்பிதழ் மலாயிலும் ஆங்கிலத்திலும் இருந்தது.

அட்டையை எப்படிச் செய்வது என்பதில் என் கருத்து எளிமையின் பக்கம். தமிழ்நாட்டிலிருந்து, சிறப்பாகச் சிவகாசியிலிருந்து, பெட்டி போன்ற அழைப்பிதழ்களை வரவழைப்பது இங்கே பல வசதியான வீடுகளில் வழக்கம். அவை அழகானவைதாம், ஆனால் அஞ்சலுக்கு ஏற்றவை அல்ல. சதுர மீட்டருக்கு 300 கிராம் எடையுள்ள அட்டையை ஏ4 அளவில் வெட்டி இரண்டாக மடித்தாலே ஏறக்குறைய 19 கிராம் ஆகிறது, உறையும் சேர்ந்தால் 27 கிராமுக்கு வருகிறது; எடையும் பருமனும் கூடக் கூட அஞ்சல் செலவும் கூடும். அடுக்குமாடிகளின் குறுகிய மடற்பெட்டிகளில் தடித்த உறை நுழையாமல் மடங்கியும் போகும். மெல்லிய அட்டை, மேலே பிள்ளையார் சுழி, மூலைகளில் மஞ்சள் போதும். சாமி படம் வேண்டாம் என்று என் நாத்தனார் சொன்னார், நான் உடனே ஒப்புக்கொண்டேன். திருமணம் முடிந்த பின் அட்டை குப்பைக்குப் போகும் வீடுகளும் உண்டு, அங்கே முருகனும் பிள்ளையாரும் காலடியில் கிடப்பதை நம்மால் தடுக்க முடியாது.

நேரத்தை அச்சிடும்போது ஒரு கவனம் தேவை. தமிழ்நாட்டு நாட்காட்டியில் உள்ள முகூர்த்த நேரத்தை அப்படியே எடுத்துப் போடக் கூடாது. நம் நேரம் இந்திய நேரத்தைவிட இரண்டரை மணி முந்தியது, இராகு காலமோ உள்ளூர்ச் சூரிய உதயத்தைப் பொறுத்தது. நம் நாட்டிற்குக் கணித்த பஞ்சாங்கத்தைப் பார்த்து, கோயில் குருக்களிடம் ஒருமுறை காட்டிய பிறகே அச்சகத்திற்குப் போக வேண்டும்.

தமிழ் எழுத்தைப் பற்றியும் சொல்லியாக வேண்டும், ஏனெனில் இதில் எனக்கு உண்மையான வருத்தம் இருக்கிறது. கைப்பேசி அழைப்பிதழுக்கான ஆயத்த வடிவங்கள் பெரும்பாலும் மலாய்க்கும் ஆங்கிலத்திற்கும் செய்யப்பட்டவை. சிலவற்றில் தமிழை ஒட்டினால் கொம்பு ஒரு பக்கமும் எழுத்து ஒரு பக்கமுமாகப் பிரிந்து, மணமகளின் பெயரே சிதைந்து வருகிறது. அதைத் திருத்த நேரமில்லாத பிள்ளைகள் தமிழையே எடுத்துவிடுகிறார்கள், தமிழ் எழுத்து ஒன்றுகூட இல்லாத தமிழ்த் திருமண அழைப்பிதழ்கள் இப்போது அடிக்கடி வருகின்றன. கணினியில் தமிழை எழுத முரசு அஞ்சல் மென்பொருளை 1985-இலேயே உருவாக்கிய முத்து நெடுமாறன் இந்த நாட்டவர். அப்படிப்பட்ட நாட்டில், தமிழ் ஒழுங்காக வரவில்லை என்று அதை விட்டுவிடுவது எனக்குப் பொறுக்கவில்லை. எங்கள் மகள் முதலில் அச்சு அட்டையை யூனிகோட் எழுத்துருவில் முழுமையாகத் தமிழில் அமைத்து, பிழை பார்த்து, அந்த வடிவத்தையே படமாக மாற்றிக் கைப்பேசிக்கும் எடுத்துக்கொண்டாள். ஒரே அழைப்பிதழ் இரண்டு வழிகளிலும் போனதால், அட்டை பெற்றவருக்கும் படம் பெற்றவருக்கும் இடையே மேல்கீழ் இருக்கவில்லை.

பணம் அனுப்புவதற்கான கியூ.ஆர். குறியீட்டை அழைப்பிதழிலேயே போடலாம் என்று மாப்பிள்ளையின் நண்பர் ஒருவர் சொன்னார். இப்போது பலர் போடுகிறார்கள். வர இயலாதவர்களுக்கு அது வசதிதான் என்றாலும், வாருங்கள் என்று சொல்லும் தாளிலேயே பணம் செலுத்தும் வழியைக் காட்டுவது முறையன்று என்று நான் மறுத்தேன். மொய் எழுதுவது இரண்டு குடும்பங்களுக்கு இடையே பல ஆண்டுகளாக வந்துபோகும் கணக்கு. கொடுப்பவரே கேட்டால் வங்கி விவரத்தைச் சொல்லிக்கொள்ளலாம்.

முகவரிகளைச் சேர்ப்பதுதான் மிகக் கடினமான வேலை. ஐந்து இலக்க அஞ்சல் குறியீட்டு எண், அடுக்குமாடியின் கட்டட எண், மாடி எண், வீட்டு எண் எல்லாவற்றையும் தொலைபேசியில் கேட்டு எழுத வேண்டியிருந்தது. முகவரியை ரோமன் எழுத்தில் எழுதினோம். அஞ்சல்காரர் வாசிக்க அதுவே வசதி. அதற்கு மேலே பெறுபவரின் பெயரை மட்டும் தமிழிலும் எழுதினோம். உறையின் பின்புறம் எங்கள் முகவரி இருந்ததால், வீடு மாறிப்போனவர்களின் அட்டைகள் சில திரும்பி வந்தன, அவர்களை வேறு உறவினர் வழியாகத் தேடிப் பிடித்தோம். திருமணத்திற்கு ஆறு வாரம் இருக்கும்போது அஞ்சலில் சேர்த்து, ஒரு வாரம் கழித்து ஒவ்வொருவரையும் அழைத்துப் பேசினோம்.

உறையில் பெயர் எழுதும்போது ஒன்றை மட்டும் நான் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. பழைய பட்டியலில் குடும்பத் தலைவரின் பெயரும் அதன் பின்னே ‘குடும்பத்தினர்’ என்பதும் மட்டுமே இருந்தன. தலைவர் காலமாகிவிட்ட வீடுகளில் மகனின் பெயரை எழுதிவிடலாம் என்று என் கணவர் சொன்னார். கணவரை இழந்த பெண்ணின் பெயரை மங்கல அழைப்பின் மேல் எழுதத் தயங்கும் பழக்கம் இன்னும் நம்மிடம் இருக்கிறது. அந்த வீடுகள் ஒவ்வொன்றிலும் இருக்கும் மூத்த பெண்மணியின் சொந்தப் பெயரைக் கேட்டறிந்து, ‘திருமதி’ சேர்த்து முதலில் எழுதி, மகன் குடும்பத்தின் பெயரை அடுத்த வரியில் எழுதினேன். சிலருடைய பெயரே எங்களுக்குத் தெரியவில்லை. இத்தனை ஆண்டுகளாகப் பெரியம்மா, சின்னம்மா, அத்தை என்றே அழைத்துவந்திருக்கிறோம். அவர்களுடைய பெயர்களைக் கேட்பதற்காகவே பிள்ளைகளுக்குத் தனியாகத் தொலைபேசி செய்தோம். இப்போது அந்தப் பெயர்கள் மாமியாரின் முகவரிப் புத்தகத்தில், அவரவர் வீட்டு எண்ணுக்கு மேலே, என் மகளின் கையெழுத்தில் இருக்கின்றன. அடுத்து என் நாத்தனார் மகனின் திருமணத்திற்கு உறை எழுதப்போகிறவர்கள் அந்தப் புத்தகத்தைத்தான் கேட்டிருக்கிறார்கள்.